எண்ணெய் மாத்துன தீவு: மொரீஷியஸ்ல கொலஸ்ட்ரால் குறைஞ்ச கதையும் பிரஷர் பத்தின குழப்பமும்

1987ல மொரீஷியஸ் அரசாங்கம் ஒரு வேலை பண்ணுச்சு. சாதாரண வீடுகள்ல அதிகமா புழங்கிட்டு இருந்த சமையல் எண்ணெய், நம்ம ஆளுங்க ரேஷன் எண்ணெய்னு சொல்றது, அதுவரைக்கும் பெரும்பாலும் பாமாயில். அதை முழுக்க சோயா எண்ணெயா மாத்திட்டாங்க. கடைக்குப் போனவங்க எப்பவும் வாங்குறதைத்தான் வாங்கிட்டு வந்தாங்க, எப்பவும் போல தாளிச்சாங்க, வடை சுட்டாங்க, ஆனா சட்டியில விழுந்த எண்ணெய் வேற. அஞ்சு வருஷம் கழிச்சு 1992ல தீவு மக்களோட ரத்தத்தை மறுபடி எடுத்துப் பாத்தப்ப சராசரி டோட்டல் கொலஸ்ட்ரால் லிட்டருக்கு 5.5 மில்லிமோல்ல இருந்து 4.7க்கு வந்திருந்துச்சு. நம்ம ஊர் லேப் கணக்குல, அதாவது டெசிலிட்டருக்கு மில்லிகிராம்ல சொன்னா 213ல இருந்து 182. ஒரு ஆளுக்கு இல்ல, ஒரு நாட்டோட சராசரிக்கு.

இதை எழுதணும்னு ரொம்ப நாளா நினைச்சிட்டு இருக்கேன். கல்யாணமாகி தமிழ்நாட்டுல இருந்து இங்க ரோஸ் ஹில் பக்கம் வந்ததுல இருந்து எண்ணெய் பத்தி இவ்வளவு பேசுற ஊரை நான் பாத்ததில்ல. டிஸ்பென்சரி வரிசையில உக்காந்தா அதான் பேச்சு, கோவில் சமையல்கட்டுல அதான் பேச்சு. அதுல ஒரு குழப்பம் விடாம ஓடிட்டே இருக்கு. எண்ணெய் மாத்துனா பிரஷர் இறங்கிடும்னு எல்லாரும் நம்புறாங்க. இந்த 1987 விஷயத்தை நிதானமா எடுத்துப் பாத்தா எண்ணெய் எதைச் செய்யும், எதைச் செய்யாதுன்னு ரெண்டுமே பிரிஞ்சு தெரியும், அதனாலதான் இதையே கேஸா எடுத்துக்கிட்டேன்.

முதல்ல ஏன் பாத்தாங்க

தீவுல சர்க்கரை வியாதியும் ஹார்ட் அட்டாக்கும் பயங்கரமா ஏறிட்டு இருந்த காலம் அது. 1987ல சுகாதார அமைச்சு, உலக சுகாதார நிறுவனத்தோட, ஆஸ்திரேலியாவோட பால் சிம்மெட் மாதிரியான ஆராய்ச்சியாளர்களோட சேர்ந்து பெரிய சர்வே எடுத்தாங்க. 25 வயசுல இருந்து 74 வரைக்கும் சுமார் 5,000 பேர். இந்திய வம்சாவளி, ஆப்பிரிக்கக் கலப்பு வம்சாவளியான க்ரியோல், சீன வம்சாவளின்னு எல்லாரும் இருந்தாங்க. சர்க்கரை அளவு பாத்து எல்லாரும் அதிர்ச்சி ஆனாங்க. கொலஸ்ட்ராலும் நல்லா இல்ல. அப்பறம் தொற்றா நோய்க்கான திட்டம் ஒண்ணு ஆரம்பிச்சாங்க. புகை, குடி, உடற்பயிற்சி, சாப்பாடுன்னு டிவி ரேடியோ பிரச்சாரம், பள்ளிக்கூடத்துல பாடம், எல்லாமே அதுல உண்டு. எண்ணெய் மாத்துனதும் அதுல ஒரு பகுதிதான். 1992ல அதே மாதிரி இன்னொரு 5,000 பேர் கிட்ட அளந்தாங்க. ரிசல்ட் 1995லயும் 1996லயும் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்ல வந்துச்சு. எண்ணெயை மட்டும் தனியா எடுத்து ஆராய்ஞ்ச 1996 கட்டுரையை முதல் ஆசிரியரா எழுதுனவர் உல்லா ஊசிதாலோ.

எண்ணெய்க்குள்ள என்ன மாறுச்சு

பாமாயில்ல கிட்டத்தட்ட பாதி நிறைவுற்ற கொழுப்பு, அதாவது சாச்சுரேட்டட் ஃபேட். முக்கியமா பால்மிடிக் அமிலம். சோயா எண்ணெய்ல அது 15 சதவீதம் அளவுதான், பாதிக்கு மேல லினோலிக்னு சொல்ற பாலி அன்சாச்சுரேட்டட் கொழுப்பு, கூடவே 7 சதவீதம் போல ஒமேகா-3 வகையும் இருக்கு.

நாலு பேர் இருக்குற வீட்டுல மாசம் மூணு லிட்டர் எண்ணெய் போகுதுன்னு வச்சுக்கோங்க. இங்க அது அதிகமே இல்ல, ஃபராட்டாவும் (நம்ம பரோட்டா மாதிரி) காத்தோ பிமாவும் (பருப்பு வடை மாதிரி) வாரத்துல எத்தனை தடவை வருதுன்னு உங்களுக்கே தெரியும். மூணு லிட்டர்னா ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 23 கிராம். அது பாமாயிலா இருந்தா எண்ணெய்ல இருந்து மட்டும் 11 கிராம் நிறைவுற்ற கொழுப்பு உள்ள போகுது, சோயான்னா மூணரை கிராம். 2,000 கலோரி சாப்பிடுற ஆளுக்கு நாள் முழுக்க சேத்து 22 கிராமுக்குள்ள இருக்கணும்ங்கிறது உலக சுகாதார நிறுவனம் சொல்ற அளவு, அதாவது மொத்த கலோரில 10 சதவீதம். அப்போ பழைய எண்ணெய் தனியாவே அந்த அளவுல பாதியைத் தின்னுடும், அதுக்கு மேலதான் பால், சீஸ், கறி, பிஸ்கட் எல்லாம் வரணும்.

உடம்புக்குள்ள இது எப்படி வேலை செய்யுதுன்னா, ரத்தத்துல ஓடுற எல்டிஎல்ங்கிற கெட்ட கொலஸ்ட்ரால் துகள்களைப் பிடிச்சு உள்ள இழுக்குற ரிசெப்டார் கல்லீரல்ல இருக்கு. நிறைவுற்ற கொழுப்பு கூடுனா அந்த ரிசெப்டார் வேலை மந்தமாகுது, எல்டிஎல் ரத்தத்துலயே தங்குது, வருஷக்கணக்குல தங்கி ரத்தக்குழாய் சுவர்ல படியுது. லினோலிக் மாதிரி கொழுப்பு அதுக்கு நேர் எதிரா வேலை செய்யும்.

கணக்குப் போட்டுப் பாத்தா

இந்தக் கேஸ்ல எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் இதுதான், கொஞ்சம் பொறுமையா படிங்க. எண்ணெய் மாறுனதால மக்கள் சாப்பிட்ட நிறைவுற்ற கொழுப்பு மொத்த கலோரில சுமார் 3.5 சதவீதம் இறங்குச்சு, பாலி வகை சுமார் 5.5 சதவீதம் ஏறுச்சுன்னு ஆய்வுல கணிச்சிருக்காங்க. கொழுப்பு மாறுனா கொலஸ்ட்ரால் எவ்வளவு மாறும்னு கணிக்க அமெரிக்க ஆராய்ச்சியாளர் ஆன்செல் கீஸ் கொடுத்த பழைய சூத்திரம் ஒண்ணு இருக்கு: நிறைவுற்ற கொழுப்போட மாற்றத்தை ரெண்டால பெருக்கி, பாலி வகையோட மாற்றத்தைக் கழிச்சு, 1.35ஆல பெருக்கணும். இங்க ஒண்ணு இறங்கி இன்னொண்ணு ஏறுனதால ரெண்டும் ஒரே பக்கமா இழுக்குது. 7ம் 5.5ம் சேந்தா 12.5, அதை 1.35ஆல பெருக்குனா கிட்டத்தட்ட 17 மில்லிகிராம் இறக்கம். ஆனா நிஜத்துல இறங்குனது 31 மில்லிகிராம்.

அப்போ பாதிக்குக் கொஞ்சம் மேல எண்ணெய் செஞ்ச வேலை. மீதிக்கு வேற காரணம் இருக்கணும், மத்த சாப்பாடு மாறுனது, அளக்குற விதத்துல இருக்குற சின்னச் சின்ன வித்தியாசம் இதெல்லாம் சேந்திருக்கலாம். ஒப்பிட்டுப் பாக்க எண்ணெய் மாறாத இன்னொரு மொரீஷியஸ் கிடையாது, அதனால இதை நூத்துக்கு நூறு நிரூபணம்னு நான் சொல்ல மாட்டேன். ஆனாலும் பாதின்னாலே பெருசு. ஒருத்தர் கூட மாத்திரை போடல, ஒருத்தர் கூட பட்டினி கிடக்கல, ஏழை வீட்டுலயும் இது நடந்துச்சு. மருந்து வாங்கக் காசு இருக்கிறவனுக்கு மட்டும் கிடைக்கிற நன்மை இல்ல இது. அரசாங்கம் செஞ்ச உருப்படியான காரியங்கள்ல இதை நான் ரொம்ப மேல வைப்பேன்.

சரி, பிரஷர்?

அதே சர்வேல ரத்த அழுத்தமும் பாத்தாங்க. ஹை பிரஷர் இருந்த ஆம்பளைங்க 15.0 சதவீதத்துல இருந்து 12.1க்கு வந்தாங்க, பொம்பளைங்க 12.4ல இருந்து 10.9க்கு. உடனே பாத்தியா எண்ணெய்னு சொல்லத் தோணும். எங்க மாமியாரும் அதைத்தான் சொன்னாங்க, "எண்ணெய் மாறுச்சு, தான்சியோன் இறங்குச்சு, அவ்வளவுதாம்மா"ன்னு. இங்க பிரஷரைத் தான்சியோன்னுதான் சொல்வாங்க.

ஆனா அதே அஞ்சு வருஷத்துல வேற என்ன நடந்துச்சுன்னு பாருங்க. அளவுக்கு மீறிக் குடிக்கிற ஆம்பளைங்க 38.2 சதவீதத்துல இருந்து 14.4க்கு இறங்குனாங்க. இது சாதாரண இறக்கம் இல்ல, பாதிக்கும் கீழ போயிருக்கு. குடி நேரடியா பிரஷரை ஏத்தும், நிறுத்துனா சில வாரத்துலயே இறங்க ஆரம்பிக்கும், இது நல்லா நிரூபிச்ச விஷயம். சும்மா இருக்கிற நேரத்துல உடற்பயிற்சி பண்ற ஆம்பளைங்க 16.9ல இருந்து 22.1 சதவீதமா ஏறுனாங்க. புகைபிடிக்கிற ஆம்பளைங்க 58ல இருந்து 47 சதவீதத்துக்கு வந்தாங்க, அது பிரஷரை விட ஹார்ட்டுக்கு நேரடியா உதவி. இன்னொரு பக்கம் உடல் எடை கூடியிருந்துச்சு, அது பிரஷரை மேல தள்ளுற விஷயம், அப்படி இருந்தும் பிரஷர் இறங்கியிருக்கு. என்னோட முடிவு, பிரஷர் இறங்குனதுல பெரிய பங்கு குடி குறைஞ்சதுக்குத்தான், எண்ணெய்க்கு இருந்தா சின்னப் பங்கு.

அதுக்கு வெளியில இருந்தும் ஆதாரம் இருக்கு. 2005ல வந்த ஆம்னிஹார்ட்ங்கிற ஆய்வுல மாவுச்சத்துல கொஞ்சத்தை எடுத்துட்டு ஆலிவ் மாதிரி நல்ல எண்ணெய் வகையைக் கொடுத்துப் பாத்தாங்க, பிரஷர் சராசரியா 1.3 பாயிண்ட்தான் இறங்குச்சு, ஏற்கனவே ஹை பிரஷர் இருந்தவங்களுக்கு 2.9. இதையே 1997ல வந்த டாஷ் உணவுமுறையோட ஒப்பிடுங்க. காய், பழம், கொழுப்பு குறைஞ்ச பால்னு மொத்தத் தட்டையும் மாத்துனாங்க, மேல் பிரஷர் சராசரியா 5.5 இறங்குச்சு, அப்பறம் 2001ல உப்பையும் குறைச்சுப் பாத்தப்ப இன்னும் இறங்குச்சு. எண்ணெய் எல்டிஎல் மேல வேலை செய்யுற ஆள். பிரஷர் மேல வேலை செய்யுறது உப்பு, எடை, குடி, பொட்டாசியம், நடை. ரெண்டும் கடைசியில ஒரே இதயத்துலதான் போய் முட்டுது, அதனாலதான் ஜனங்க ரெண்டையும் ஒண்ணாக்கிடுறாங்க.

எங்க வீட்டுலயே நடந்ததைச் சொல்றேன். மாமனாருக்கு அறுபதைத் தாண்டியாச்சு, பிரஷர் மாத்திரை போடுறவர். சென்னையில இருந்து வந்த சொந்தக்காரர் ஒருத்தர் செக்குல ஆட்டுன தேங்காய் எண்ணெய்தான் ஹார்ட்டுக்கு நல்லது, இந்த ரீஃபைண்டு எல்லாம் விஷம்னு சொல்லிட்டுப் போனார். மாமா அன்னைக்கே சமையலை அதுக்கு மாத்தச் சொல்லிட்டார். சில மாசம் கழிச்சு டெஸ்ட் எடுத்தா எல்டிஎல் ஏறியிருக்கு, பிரஷர் இருந்த இடத்துலயே இருக்கு. டாக்டர் என்ன சாப்பிடுறீங்கன்னு கேட்டப்ப இவர் பெருமையா தேங்காய் எண்ணெய்னு சொன்னார், அந்தம்மா கொஞ்ச நேரம் ஒண்ணும் பேசல.

தேங்காய் எண்ணெய் மேல எனக்கு எந்த வெறுப்பும் இல்ல, அவியல்ல கடைசியா ஒரு ஸ்பூன் விட்டா அந்த வாசனைக்கு ஈடு கிடையாது. ஆனா அதுல 80 சதவீதத்துக்கு மேல நிறைவுற்ற கொழுப்பு, பாமாயிலை விட அதிகம். 2020ல 16 ஆய்வுகளைச் சேத்துப் பாத்து சர்குலேஷன் இதழ்ல வந்த கட்டுரைல, சோயா சூரியகாந்தி மாதிரி எண்ணெயோட ஒப்பிட்டா தேங்காய் எண்ணெய் எல்டிஎல்லை சராசரியா 10 மில்லிகிராம் கூட்டுதுன்னு வந்துச்சு. செக்குல ஆட்டுனாலும் மெஷின்ல ஆட்டுனாலும் அந்தக் கொழுப்பு அமிலம் மாறப்போறதில்ல. 1987ல இந்தத் தீவு எதை விட்டு வெளிய வந்துச்சோ அதே பக்கம் நம்ம வீடுகள் இப்போ விலை அதிகம் கொடுத்துத் திரும்பிப் போகுது, இதான் எனக்குத் தாங்கல.

எதிர்க்கேள்விகள்

விவரம் தெரிஞ்சவங்க அமெரிக்காவுல நடந்த மினசோட்டா ஆய்வைக் கேப்பாங்க, கேக்கணும். அங்க நிறைவுற்ற கொழுப்பை எடுத்துட்டு சோள எண்ணெய் கொடுத்தாங்க, கொலஸ்ட்ரால் இறங்குச்சு, சாவு குறையல. பழைய டேட்டாவைத் தோண்டி எடுத்து 2016ல மறுபடி வெளியிட்டாங்க. இதை ஒதுக்கித் தள்ள முடியாது. ஆனா அங்க நிறைய பேர் ரொம்பக் கொஞ்ச காலம்தான் அந்தச் சாப்பாட்டுல இருந்தாங்க, சோள எண்ணெய்ல ஒமேகா-3 வகை இல்லவே இல்லன்னு சொல்லலாம், சோயால அது இருக்கு. நல்லா நடத்துன ஆய்வுகளைச் சேத்து 2017ல அமெரிக்க இதய சங்கம் சொன்னது, நிறைவுற்ற கொழுப்புக்குப் பதிலா பாலி வகை எண்ணெய் வச்சா இதய நோய் சுமார் 30 சதவீதம் குறையுதுன்னு. நான் இந்தப் பக்கம்தான் சாயுறேன்.

ரெண்டாவது விஷயம் திரும்பத் திரும்பக் காய்ச்சுற எண்ணெய். பாமாயிலை பொரிக்கிறவங்க ஏன் விடாம பிடிச்சுக்கிறாங்கன்னா அது சூட்டுல சீக்கிரம் கெடாது. சோயா கெடும், அதுல இருக்குற அந்த ஒமேகா-3 வகைதான் முதல்ல ஆக்சிடைஸ் ஆகும். காலையில காத்தோ பிமா போட்ட சட்டியில சாயங்காலம் சமோசா, மறுநாள் அதுலயே புது எண்ணெய் ஊத்தி மறுபடி, இப்படி ஓடுற கடைகள் எல்லா ஊர்லயும் இருக்கு. எண்ணெய் கறுத்து, நுரை அடங்காம, வாசனை கசந்து போச்சுன்னா அது கெட்டாச்சுன்னு அர்த்தம். பல ஐரோப்பிய நாடுகள்ல எண்ணெய் கெடுறப்ப உண்டாகுற போலார் பொருள்னு ஒண்ணை அளந்து 25 சதவீதம் தாண்டுனா கொட்டணும்னு சட்டமே இருக்கு. இப்படிக் காய்ச்சுன எண்ணெயைக் கொடுத்து வளத்த எலிகளுக்குப் பிரஷர் ஏறுச்சுன்னு மலேசியால ஆய்வுகள் வந்திருக்கு. மனுஷங்க விஷயத்துல அவ்வளவு உறுதியா சொல்ல முடியாது, ஆனா எண்ணெய்க்கும் பிரஷருக்கும் நேரடித் தொடர்பு தேடுறவங்க முதல்ல பாக்க வேண்டியது எந்த எண்ணெய்ங்கிறதை விட எத்தனாவது தடவை காய்ச்சுன எண்ணெய்ங்கிறதைத்தான்.

வனஸ்பதி, கெட்டி மார்ஜரின்ல வர்ற ட்ரான்ஸ் கொழுப்பு எல்லாத்தையும் விட மோசம், அதுல விவாதமே இல்ல. தென்னாப்பிரிக்கா 2011லயே 100 கிராம் கொழுப்புல 2 கிராமுக்கு மேல ட்ரான்ஸ் கொழுப்பு இருக்கக் கூடாதுன்னு கட்டுப்பாடு கொண்டு வந்துச்சு. 2016ல ரொட்டி, சிப்ஸ் மாதிரி பாக்கெட் சாப்பாட்டுல உப்புக்கும் சட்டத்துல எல்லை வச்சாங்க. டர்பன்ல இருக்கிற நாத்தனார் வீட்டுல பேசுனா அங்கயும் நம்ம ஜனங்களுக்கு அதே சர்க்கரை, அதே பிரஷர்தான், ஆனா உப்பைத் தயாரிப்பாளர் கிட்டயே போய் குறைக்க வச்சது நம்ம 1987 யோசனையோட அப்படியே ஒத்துப்போகுது.

அதுக்கு அப்பறம் என்னாச்சு

கொலஸ்ட்ரால் இறங்குனதால தீவு தப்பிச்சுடல. 1992லயே எடை கூடியிருந்துச்சுன்னு சொன்னேன்ல, சர்க்கரையும் குறையல. இன்னைக்கும் பெரியவங்கள்ல ஏறக்குறைய அஞ்சுல ஒருத்தருக்கு சர்க்கரை வியாதி, சாவுக்கு முன்னணிக் காரணம் இதய நோயும் சர்க்கரையும்தான். காரணம் புரிஞ்சுக்கக் கஷ்டமே இல்ல. சோயாவோ பாமாயிலோ ஒரு டேபிள் ஸ்பூன் 120 கலோரி, அதுல ரெண்டுக்கும் வித்தியாசமே கிடையாது. நல்ல எண்ணெய்னு சொன்னதும் தாராளமா ஊத்துனா எடை ஏறும், எடை ஏறுனா பிரஷரும் சர்க்கரையும் பின்னாடியே வரும். எண்ணெயோட தரத்தை அரசாங்கம் மாத்துச்சு, அளவை யாரும் மாத்தல.

இப்போ எங்க வீட்டுல என்ன பண்றோம்னா, சமையலுக்கு சூரியகாந்தி அல்லது சோயா, எது மலிவா கிடைக்குதோ அது. தாளிப்புக்கும் சட்னிக்கும் நல்லெண்ணெய், அதுல நிறைவுற்ற கொழுப்பு 15 சதவீதம் கிட்டதான், நம்ம பாட்டிமார் எண்ணெய் வேணும்னு ஆசைப்படுறவங்க தாராளமா அதைப் பிடிச்சுக்கலாம். தேங்காய் எண்ணெய் வாசனைக்கு மட்டும். பொரிச்ச எண்ணெயை வடிகட்டி ஒரே ஒரு தடவை மறுபடி தாளிக்க எடுப்போம், அப்பறம் கொட்டிடுவோம். பாட்டில்ல இருந்து நேரா ஊத்துறதை நிறுத்தி ஸ்பூன்ல அளக்க வச்சதுக்கு மாமியார் கிட்ட நிறைய பேச்சு வாங்குனேன், பரவால்ல.

பிரஷருக்கு வேற இடத்துல கை வச்சோம். உப்புக் கருவாட்டு ருகாய் (தக்காளிக் குழம்பு), அசார் (இந்த ஊர் காய்கறி ஊறுகாய்), நம்ம ஊறுகாய், குழம்புல ருசிக்குப் போடுற சூப் க்யூப், இங்கதான் உப்பு ஒளிஞ்சிருக்கு. அந்தச் சின்ன க்யூப்ல கிட்டத்தட்ட பாதி உப்புதான். ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 5 கிராமுக்குள்ள, அதாவது ஒரு டீஸ்பூனுக்கும் கொஞ்சம் கம்மின்னு கணக்கு, ஒரு க்யூபும் ரெண்டு கரண்டி அசாரும் சேந்தாலே அதுல பெரும்பகுதி போயிடும். கருவாட்டை ரெண்டு தண்ணி மாத்தி ஊற வச்சு வேக வைக்கிறோம், க்யூப் போடுறதையே விட்டுட்டோம், அதுக்குப் பதிலா தக்காளி, தைம், கறிவேப்பிலை, பூண்டு கூட்டுனோம். இங்க ப்ரெட்னு சொல்ற கீரையில சூப் தினமும் உண்டு, அதுல பொட்டாசியம் வந்துடுது. சனிக்கிழமை ரம் ஒரு கிளாஸோட நிக்குதுன்னு மாமா சொல்றார், நான் பாட்டிலைப் பாத்துக்கிறேன். எல்டிஎல் பழைய இடத்துக்கு வந்துடுச்சு. பிரஷரும் மெதுவா இறங்குது, ஆனா மாத்திரையை நிறுத்தல, டாக்டர் சொல்லாம நிறுத்தவும் கூடாது.

பொட்டாசியம் கலந்த உப்பு பத்தி நிறைய பேர் கேக்குறாங்க. சீனால கிராமங்கள்ல நடத்துன பெரிய ஆய்வு 2021ல வந்துச்சு, சாதா உப்புக்குப் பதிலா அதைக் கொடுத்ததுல பக்கவாதம் 14 சதவீதம் குறைஞ்சுது. நல்ல விஷயம்தான், ஆனா சர்க்கரையால கிட்னி பாதிச்சவங்க இந்தத் தீவுல ஏராளம், அவங்களுக்கும் சில வகை பிரஷர் மாத்திரை போடுறவங்களுக்கும் ரத்தத்துல பொட்டாசியம் ஆபத்தான அளவுக்கு ஏறிடும். கிட்னி டெஸ்ட் பாக்காம அந்த உப்பை வீட்டுக்குள்ள கொண்டு வராதீங்க.

கோவில் சமையல்ல இன்னும் ஒண்ணும் மாறல. காவடி முடிஞ்சு வாழை இலையில ஏழு கறி போடுறப்ப எத்தனை நூறு பேர் சாப்பிடுறாங்க, அதுல எத்தனை பேர் பிரஷர்காரங்க. ஒவ்வொருத்தர் கிட்டயும் போய் குறைச்சு சாப்பிடுங்கன்னு சொல்லிப் பிரயோஜனம் இல்ல, அண்டாவுல போடுற உப்பையும் எண்ணெயையும் அளக்கணும். இந்த வருஷம் கமிட்டி கிட்ட அதைக் கேட்டிருக்கேன், உப்பை முதல்ல கால் பங்கு குறைச்சுப் பாப்போம், யாராவது கண்டுபிடிக்கிறாங்களான்னு பாத்துட்டு அப்பறம் பேசலாம்னு பெரியவங்க ஒத்துக்கிட்டாங்க.